நேரம் கட்டும் கடலும் அம்மாவின் சாட்சியும்

மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளுகிற மார்ச் மாதத்துக் கடைசி ஞாயிற்றுக்கிழமை நாங்கள் சபைக்கு ஒரு மணித்தியாலம் பிந்திப் போனோம். கைபேசி தானாக நேரத்தை மாற்றிக்கொள்ளும். எங்கள் குசினிச் சுவரில் இருக்கிற மணிக்கூடு மாற்றாது. அம்மா நம்புவது சுவரைத்தான். நானோ, யாராவது எழுப்பினால்தான் எழும்புகிற ஆள். நாங்கள் இருக்கிற டெனிஷ் ஊரான ஸ்கீவவிலிருந்து சபை கூடுகிற ஹொல்ஸ்டெப்ரோவுக்கு விழுந்தடித்துக் கார் ஓட்டிப் போய்ச் சேர்ந்தபோது கடைசிப் பாட்டுப் போய்க்கொண்டிருந்தது. அம்மா முக்காட்டைப் போட்டுக்கொண்டு கதவடியிலேயே நின்று அந்தப் பாட்டைப் பாடி முடித்தார்.

திரும்பி வரும்போது காருக்குள் கேட்டார்.

"ஏன்டா, வருசம் வருசம் உவங்கள் மணிக்கூட்டை முன்னுக்கும் பின்னுக்கும் இழுக்கிறாங்கள். நேரம் எண்டா என்ன, இலாஸ்டிக்கோ?"

நல்ல பிள்ளையாக இருந்திருந்தால் வெயில், மின்சாரம், அரசாங்கம் என்று தெரிந்ததைச் சொல்லியிருப்பேன். எனக்கு ஒரு கேள்வி கிடைத்தால் அதற்கு நேரான பதில் சொல்ல நாக்கு வளையாது.

"உங்களுக்குத் தெரியாதோ அம்மா? அது கடலிலை செய்யிற வேலை. நேரத்தைக் கட்டி வைச்சிருக்கிற இடங்கள் கடலுக்கைதான் இருக்கு."

"சும்மா அலட்டாதை."

"உண்மையா. ஊரிலை எத்தினை மணிக்கு விடியும்?"

"ஆறு மணிக்கு."

"பொழுதுபடுறது?"

"ஆறு, ஆறரை."

"வருசம் முழுக்க அப்பிடித்தானே? ஏனெண்டா அங்கை நேரம் தளம்பாது. வடக்கை வர வரத்தான் தளம்பும், வாளிக்குள்ளை தண்ணி மாதிரி. இஞ்சை பாருங்கோ, மார்கழியிலை பின்னேரம் நாலு மணிக்கே இருட்டு. ஆனியிலை படுக்கிற நேரத்திலும் வெளிச்சம். ஒரு நாட்டுக்கு இது அடுக்குமோ? அதுதான் டெனிஷ்காரர் கடலுக்கை இரும்புத் தூண் இறக்கி, சங்கிலி போட்டு, நேரத்தை ஒரு அளவிலை பிடிச்சு வைச்சிருக்கிறாங்கள். மார்ச்சிலை ஒரு சுத்துத் தளத்துறது. ஒக்டோபரிலை ஒரு சுத்து இறுக்கிறது."

அம்மா சிரிப்பார் என்று பார்த்தேன். அவர் கண்ணாடிக்கு வெளியே, வயலுக்கு மேலே இருந்த வெளிச்சத்தைப் பார்த்தார். இந்த நாட்டு வெளிச்சமும் இருட்டும் அவரை வந்த நாள் முதல் வருத்திக்கொண்டிருந்தன. குளிர்காலத்தில் வேலைக்குப் போவதும் இருட்டு, வருவதும் இருட்டு. அது ஏன் என்று யாரும் அவருக்கு உட்கார்ந்து சொன்னதில்லை.

"அப்ப நீ கடலிலை செய்யிற வேலை…" என்று இழுத்தார்.

அவர் முடிக்க முன்னமே "ஓம்" என்றேன்.

நான் உண்மையில் செய்வது மிதவை கழுவுகிற வேலை. ஃபியோர்ட் என்கிற உள்கடலிலும் வெளிக்கடலிலும் கப்பலுக்கு வழி காட்ட மஞ்சளும் சிவப்பும் பச்சையுமாக மிதவைகள் நிற்கும். எங்கள் படகு போய் அவற்றைப் பாரந்தூக்கியால் இழுத்தெடுத்துக் கரைக்குக் கொண்டுவரும். அடிப்பாகம் முழுக்கச் சிப்பியும் பாசியும் பிடித்திருக்கும். அதை இரும்புத் தகட்டால் சுரண்டி, தண்ணீர் பீச்சிக் கழுவி, காய்ந்த பிறகு பெயின்ற் பூசவேண்டும். கிம்னேசியம் என்கிற உயர்பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டவனுக்குக் கிடைத்த வேலை அதுதான். அம்மாவிடம் "கடலிலை வேலை" என்பதற்கு மேல் நான் சொன்னதில்லை. உடுப்பு நாறுவது அவருக்குத் தெரியும். ஏன் நாறுகிறது என்பது தெரியாது.

அவர் ஏன் நம்பினார் என்பதையும் சொல்லவேண்டும். அப்பா நான் சின்னப் பிள்ளையாக இருக்கும்போதே செத்துப்போனார். அதற்குப் பிறகு வீட்டுக்குள் வந்த டெனிஷ் எல்லாம் என் வாய் வழியாகத்தான் வந்தது. அம்மாவுக்கு முதியோர் இல்லமொன்றின் சலவை அறையில் வேலை. மெஷின் போடுகிற சத்தத்தில் அங்கே ஒருவரும் ஒருவரோடும் கதைப்பதில்லை. அம்மா டெனிஷ் பழக வழியே இருக்கவில்லை. கொம்மூன என்கிற நகரசபைக்குப் போனால் நான். டொக்டரிடம் போனால் நான். பள்ளிக்கூடத்தில் என்னைப் பற்றி ரீச்சர் முறையிடும்போதுகூட நான்தான் நடுவில் இருந்து மொழிபெயர்த்தேன். "உங்கட பிள்ளை வகுப்பிலை எல்லாரையும் சிரிக்க வைக்கிறான்" என்று ரீச்சர் சொன்னதை, அவர் பெருமைப்படுவது போலவே சொல்லிக் கொடுத்தேன். அம்மா எழும்பி நின்று ரீச்சருக்கு நன்றி சொன்னார்.

அதனால் கடல் கதையையும் அவர் அப்படியே ஏற்றுக்கொண்டார். அடுத்த நாள் நான் வேலையால் வந்து சப்பாத்துக் கழற்றும்போதே கேட்டார்.

"இண்டைக்கு எந்த இடத்துக்குப் போனியள்?"

இப்படிக் கேட்டால் யார்தான் விடுவார்கள்? சாப்பாட்டு மேசையில் கதை வளர்ந்தது. மொத்தம் மூன்று தளங்கள். மேற்குக் கடலில் நிற்பதற்கு 'முரடன்' என்று பெயர்; எந்த அலைக்கும் மசியாது, ஆனால் சங்கிலி அடிக்கடி அறும். ஃபியோர்டின் நடுவில் நிற்பது 'ஊமை'. அது சத்தம் போடாமல் வேலை செய்யும். ஸ்கீவவில் நேரம் பிசகாமல் ஓடுவது அதனால்தான். வடக்கு முனையில் இரண்டு கடல் முட்டுகிற இடத்தில் நிற்பது 'மாமி'.

"ஏன் மாமி?"

"ரெண்டு பக்கமும் பிடிச்சு இழுக்கும் அம்மா. ஆனா அசையமாட்டா."

அம்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். என் கதையைக் கேட்டு அவர் அப்படிச் சிரிப்பது எனக்கும் பிடித்திருந்தது. சிப்பி பிடித்தால் தூண் பாரமாகும், தூண் பாரமானால் நேரமும் பாரமாகும், தை மாதத்தில் நாள் நகராமல் கிடப்பது அதனால்தான், ஆகையால் சுரண்டவேண்டும் என்றேன். வேலையை அப்படிச் சொன்னபோது எனக்கே அது ஒரு வேலை மாதிரித் தெரிந்தது.

ஒரு பின்னேரம் குடும்ப ஜெபத்தில் அம்மா கண்ணை மூடிக்கொண்டு சொன்னார்: "ஆண்டவரே, கடலிலை வேலை செய்யிற என்ர பிள்ளையைக் காத்தருளும். முரடனையும் ஊமையையும் மாமியையும் உம்முடைய கரத்திலை ஒப்புக்கொடுக்கிறன்."

நான் தலையணையை எடுத்து முகத்தில் வைத்துக்கொண்டு குலுங்கினேன். நான் உருகி அழுகிறேன் என்று நினைத்து அம்மா என் தலையில் கை வைத்து இன்னும் கொஞ்சம் ஜெபித்தார்.

எங்கள் சபை ஒரு டெனிஷ் தேவாலயத்தின் பக்க மண்டபத்தில் வாடகைக்குக் கூடுகிறது. ஆராதனையின் நடுவில் சாட்சி நேரம் என்று ஒன்று இருக்கிறது. அந்தக் கிழமை ஆண்டவர் தனக்குச் செய்த நன்மையை எவரும் எழும்பிச் சொல்லலாம். சொல்லி முடித்ததும் மண்டபமே "ஸ்தோத்திரம்" என்று சொல்லும். எங்கள் ஆட்களுடைய சாட்சிகளில் முக்கால்வாசி பிள்ளைகளைப் பற்றியவை. மகள் மெடிசின் முடித்துவிட்டாள். மகன் வீடு வாங்கிவிட்டான். அம்மாவுக்கு முன்வரிசையில் இருக்கிற அன்ரியின் மகன் ஓல்போர்க்கில் இஞ்சினியர். அவன் பாஸ் பண்ணிய ஒவ்வொரு சோதனைக்கும் அன்ரி எழும்பியிருக்கிறார். அம்மா எல்லாருடைய பிள்ளைகளுக்காகவும் சத்தமாக ஸ்தோத்திரம் சொல்வார். தான் மட்டும் எழும்பியதில்லை. சொல்ல நான் ஒன்றும் கொடுக்கவில்லை. அது எனக்குத் தெரியும். தெரியாத மாதிரிப் பின்வரிசையில் இருந்து பகிடி விட்டுக்கொண்டிருந்தேன்.

ஈஸ்டர் முடிந்து வந்த ஞாயிறு, அம்மா எழும்பினார்.

எழும்புவார் என்று எனக்குச் சொல்லவில்லை. கைப்பையைக் கதிரையில் வைத்துவிட்டு, மைக்கை இரண்டு கையாலும் பிடித்தார்.

"கர்த்தருக்கு ஸ்தோத்திரம். எனக்கு வடிவாக் கதைக்கத் தெரியாது. என்ர பிள்ளை படிப்பை விட்டவன் எண்டு உங்கள் எல்லாருக்கும் தெரியும். அதுக்காக நான் அழாத நாளில்லை. ஆனா ஆண்டவர் அவனை எங்கை கொண்டுபோய் வைச்சிருக்கிறார் எண்டு பாருங்கோ. இந்த நாட்டிலை நேரத்தைத் தளம்பாமல் பிடிச்சு வைச்சிருக்கிற இடம் மூண்டு கடலிலை இருக்கு. அதைத் துப்புரவாக்கி வைச்சிருக்கிறது என்ர பிள்ளை. அவன் ஒரு நாள் போகாட்டில் ஒருத்தற்றை மணிக்கூடும் சரிவராது. படிச்சவையின்ர மணிக்கூடும்தான்."

"ஸ்தோத்திரம்!" என்றது மண்டபம். அப்படி ஒரு சத்தத்தை நான் அங்கே அதற்கு முன் கேட்டதில்லை. எனக்குக் காது சுட்டது. பெரியவர்கள் யாரும் சந்தேகப்படவில்லை. கடலுக்குள் காற்றாடி நட்டுக் கரண்ட் எடுக்கிற டெனிஷ்காரர் நேரத்துக்கும் ஒரு தூண் நட்டிருக்கமாட்டார்களா? பாஸ்டர் தன் பிரசங்கத்தையே மாற்றி, நேரம் யாருடைய கையில் இருக்கிறது என்று பேசினார். முடிவில் என்னைப் பார்த்தார்.

"தம்பி, வாற ஞாயிறு நீர் முன்னுக்கு வந்து அந்த வேலையைப் பற்றி ஒரு ரெண்டு சொல் சொல்லவேணும். இளம்பிள்ளையளுக்குப் பிரயோசனமா இருக்கும்."

வெளியே கார் நிறுத்துகிற இடத்தில் அன்ரியின் இஞ்சினியர் மகன் எனக்காகக் காத்துக்கொண்டு நின்றான். நானும் அவனும் சின்ன வயதிலிருந்து ஒருவரை ஒருவர் நக்கலடித்து வளர்ந்தவர்கள்.

"மச்சான், நான் எத்தினை வருசம் யூனிவர்சிட்டியிலை இருந்தன். உதைப் பற்றி ஒரு பாடமும் படிப்பிக்கேல்லையடா."

"நீ லீவு எடுத்த அண்டைக்குப் படிப்பிச்சிருப்பாங்கள்."

"டேய், சிரிக்காதை. வாற கிழமை என்ன சொல்லப்போறாய்?"

அவன் என் முகத்தைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினான்.

"ஒண்டு செய். கடல் மட்டம் அளக்கிற இடம் எண்டு மாத்திச் சொல்லு. நேரத்துக்கு நேரம் அளக்கிறது, அதைத்தான் அம்மா அப்பிடி விளங்கிக்கொண்டா எண்டு சொல்லு. நான் எழும்பி ஓம் எண்டுறன். நான் சொன்னா ஆரும் கேள்வி கேக்காயினம்."

நல்ல மனதோடுதான் சொன்னான். அதுதான் எனக்குக் குத்தியது. என் பொய் நிற்பதற்கும் அவனுடைய படிப்பு வந்து தோள் கொடுக்கவேண்டியிருந்தது. அது மட்டுமில்லை, அவன் சொன்னபடி செய்தால் பிழை முழுவதும் அம்மாவின் தலையில் போகும். 'பாவம், மனிசிக்கு விளங்கேல்லை' என்பார்கள்.

அந்தக் கிழமை அம்மா நடந்த நடையே வேறு. கனடாவில் இருக்கிற சின்னம்மாவுக்குத் தொலைபேசியில் மூன்று தளத்தின் பெயரையும் சொல்லிச் சிரித்தார். எனக்குச் சேர்ட் அயர்ன் பண்ணி ஹாங்கரில் தொங்கவிட்டார். வியாழக்கிழமை பின்னேரம் இடியப்பத்துக்குச் சொதி ஊற்றிக்கொண்டிருந்தவரிடம் சொன்னேன்.

"அம்மா, கடலிலை அப்பிடி இடம் ஒண்டும் இல்லை."

"என்ன இடம்?"

"நேரம் பிடிக்கிற இடம். நான் பகிடிக்குச் சொன்னது."

கரண்டியைச் சட்டிக்குள் வைத்தார்.

"மூண்டும் பொய்யோ?"

"ஓம்."

"மாமியும்?"

"ஓம் அம்மா."

"நான் அதுகளுக்கு ஜெபம் பண்ணினன்" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. கடையில் கூடாத மரக்கறியைத் தந்துவிட்டார்கள் என்று சொல்வது போலச் சொன்னார். "அப்ப நீ என்னதான் செய்யிறனீ?"

சொன்னேன். சுரண்டுவது, கழுவுவது, பெயின்ற் பூசுவது. அவர் என் கையை இழுத்து வெளிச்சத்தில் பார்த்தார். சிப்பி வெட்டிய காயங்கள் இருந்தன. இவ்வளவு நாளும் அவற்றைச் சங்கிலி வெட்டியது என்று சொல்லியிருந்தேன்; எந்தச் சங்கிலி என்று உங்களுக்குத் தெரியும்.

"உது கள்ள வேலையோ?"

"இல்லை."

"அப்ப ஏன் சொல்லேல்லை?"

நான் கையை இழுத்துக்கொண்டேன். பகிடி ஒன்றும்கூட வரவில்லை. அம்மா எழும்பிச் சட்டியை மூடினார்.

"ஞாயிறு நீயே சொல்லு. நான் சாட்சி எண்டு சொன்னது. அது பொய்யாக் கிடக்கப்படாது."

ஞாயிறு நான் முன்னுக்குப் போனபோதே ஆட்கள் சிரிக்கத் தயாராக இருந்தார்கள். பிழை அவர்களில் இல்லை. அதே இடத்தில் நின்று, அதே மைக்கில் பாஸ்டரின் குரலில் கதைத்துக் காட்டி மார்கழி நத்தார் விழாவில் கைதட்டு வாங்கியவன் நான்.

"என்ர வேலை மிதவை கழுவுறது" என்று தொடங்கினேன். "கப்பலுக்கு வழி காட்டுற மிதவை. அதிலை பிடிச்ச சிப்பியைச் சுரண்டி, கழுவி, பெயின்ற் அடிக்கிறது. நேரத்தைப் பிடிக்கிற இடம் எண்டு கடலிலை ஒண்டுமில்லை. நான் அம்மாவைப் பேய்க்காட்டினது."

மண்டபம் சிரித்தது. முதலில் பின்வரிசை, பிறகு எல்லாரும். இளம்பிள்ளைகள் டெனிஷில் ஏதோ சொல்லிக் கைதட்டினார்கள்.

"இல்லை, உண்மையாத்தான்" என்றேன். இன்னும் கூடச் சிரித்தார்கள்.

பாஸ்டர் வந்து என் தோளில் கை போட்டு மைக்கை வாங்கினார்.

"பாத்தியளோ? இதுக்குப் பேர்தான் தாழ்மை. நாங்கள் சின்ன வேலை செய்தாலும் பெரிசாச் சொல்லுவம். இந்தத் தம்பி பெரிய வேலை செய்துகொண்டு, நான் சிப்பி சுரண்டுறன் எண்டு சொல்லுறார். அல்லேலூயா!"

"அல்லேலூயா!"

என் வாயிலிருந்து எது வந்தாலும் அது பகிடிதான் என்று அந்த மண்டபம் எப்போதோ தீர்மானித்துவிட்டது. இஞ்சினியர் மட்டும் சிரிக்காமல் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அந்த இடத்தில் அம்மா சும்மா இருந்திருக்கலாம். அவருடைய சாட்சி போன கிழமையைவிடப் பெரிதாக நின்றது. மகனுக்குத் தாழ்மை வேறு சேர்ந்திருந்தது. அவருக்குத் தெரியும் நான் உண்மையைச் சொன்னேன் என்று, எனக்குத் தெரியும் அவருக்குத் தெரியும் என்று. அப்படியே வீட்டுக்குப் போயிருக்கலாம். பாஸ்டரின் கைக்குக் கீழே நின்றுகொண்டு, அம்மா அப்படியே இருக்கவேண்டும் என்று நான் ஆசைப்பட்டேன். அந்த ஆசையை நினைத்தால்தான் இப்போதும் எனக்கு முகத்தை எங்கே வைப்பது என்று தெரிவதில்லை.

அம்மா எழும்பினார். மைக்கை வாங்கவில்லை.

"பாஸ்டர், பிள்ளை தாழ்மையிலை சொல்லேல்லை. உள்ளதைத்தான் சொல்லுறான். நான் போன கிழமை சொன்னதுதான் பிழை. எனக்கு டெனிஷ் தெரியாது. அவன் சொன்னதை நம்பிச் சொல்லிப்போட்டன். எல்லாரும் மன்னிச்சுக்கொள்ளுங்கோ. அவன் மிதவைதான் கழுவுறான்."

கதிரையில் இருந்துவிட்டார்.

யாரும் ஸ்தோத்திரம் சொல்லவில்லை. எதற்குச் சொல்வது என்று அவர்களுக்குத் தெரியவில்லை. ஒரு குழந்தை கதிரையைத் தட்டிய சத்தம் கேட்டது. நான் ஸ்தோத்திரம் சொல்லியிருக்கலாம், முன்னுக்கு நின்றவன் நான்தான். பிறகு பாஸ்டர் தொண்டையைச் செருமி, மெதுவாக "ஸ்தோத்திரம்" என்றார். கீபோர்ட் வாசிக்கிறவர் பாட்டைத் தொடங்கினார்.

ஆராதனைக்குப் பிறகு தேநீர். அன்ரி அம்மாவின் தட்டில் கேட்காமலே இரண்டு ரோல்ஸ் வைத்து, அவர் கையைத் தடவிவிட்டுப் போனார். இன்னொருவர் வந்து கேக் வைத்தார். எல்லாரும் அம்மாவோடு மெல்லக் கதைத்தார்கள், படுக்கையில் கிடக்கிற வருத்தக்காரரோடு கதைப்பது போல. அம்மா ஒவ்வொருவருக்கும் தலையாட்டி ரோல்ஸைத் துண்டு துண்டாகச் சாப்பிட்டு முடித்தார். யாராவது எனக்கு இரண்டு அடி போட்டிருந்தால் அந்த மண்டபத்தில் நிற்பது லேசாக இருந்திருக்கும்.

அதற்குப் பிறகு பல ஞாயிறுகள் போயின. சாட்சி நேரத்தில் மைக் எங்கள் வரிசைக்கு வரும். அம்மா அதை அடுத்த ஆளுக்குக் கொடுத்துவிடுவார். நான் பின்வரிசையை விட்டு அவருக்குப் பக்கத்தில் போய் இருந்தேன். வீட்டிலும் பகிடி குறைந்தது. ஒரு நாள் காருக்குள் கேட்டேன்.

"ஏன் அம்மா எழும்புறேல்லை?"

"என்னத்தைச் சொல்ல?"

"ஏதாவது. சுகமா இருக்கிறன் எண்டாவது."

"நான் வாய் திறந்தா சனம் உன்னைத்தான் திரும்பிப் பாக்கும்" என்றார். "இப்பதான் கொஞ்சம் மறந்திருக்கினம். இருக்கட்டும்."

எனக்காகத்தான் எழும்பாமல் இருக்கிறார் என்று எனக்கு அதுவரை விளங்கவில்லை. "பாக்கட்டும் அம்மா" என்றேன். சொன்ன எனக்கே அது துணிந்து சொன்னதாகக் கேட்கவில்லை.

வைகாசியில் அவருக்கு முழங்கால் நோவு கூடியது. டொக்டரிடம் போகிற நாள் எனக்கு எப்போதும் அரை நாள் லீவு. படகுக்காரரிடம் கேட்டும் வைத்துவிட்டேன்.

"வேண்டாம், நீ வேலைக்குப் போ" என்றார் அம்மா.

"அப்ப டொக்டர்?"

"அது பாப்பம்."

தள்ளிப்போட்டுவிட்டார் என்று நினைத்து நான் வேலைக்குப் போனேன். அந்த ஞாயிறு மைக் எங்கள் வரிசைக்கு வந்தபோது, கை நீட்டி அடுத்தவருக்குக் கொடுக்கப்போகிறார் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் அதைத் தன் பக்கம் எடுத்துக்கொண்டு எழும்பினார். முழங்கால் பிடித்ததால் முன் கதிரையைப் பிடித்துத்தான் எழும்பினார். அவர் சொன்னது போலவே கொஞ்சப்பேர் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"கர்த்தருக்கு ஸ்தோத்திரம். இந்தக் கிழமை நான் டொக்டரிட்டைத் தனியப் போனன். மொழிபெயர்க்கத் தொல்க் ஒருத்தரும் இல்லை. எனக்கு டெனிஷ் வராது எண்டு உங்களுக்குத் தெரியும். முழங்காலைக் காட்டினன். நோகுது எண்டு சொல்லத் தெரிஞ்சுது. படி ஏற நோகுது, இறங்க இன்னும் நோகுது எண்டும் சொன்னன். அந்த டொக்டர் மனிசி கெதியாக் கதைச்சா. மெல்லச் சொல்லுங்கோ எண்டன். விளங்கேல்லை எண்டன். கடுதாசியிலை முழங்காலைக் கீறிக் காட்டினா. அப்ப விளங்கிச்சுது. ஒப்பரேசன் வேண்டாமாம். அப்பியாசம் செய்யட்டாம். அவ்வளவும் நானே கேட்டு வந்தனான். ஆண்டவர் என்ர வாயைத் திறந்தார்."

"ஸ்தோத்திரம்!"

மண்டபம் எழுந்த மாதிரி ஒரு சத்தம். அன்ரி திரும்பி அம்மாவின் கையைப் பிடித்துக் குலுக்கினார். என்னை இப்போது யாரும் பார்க்கவில்லை. நானும் சொன்னேன், எல்லாரோடும் சேர்ந்து, சத்தமாக.

வீட்டுக்கு வரும் வழியில் பாதித் தூரம் அடக்கிக்கொண்டு ஓட்டினேன். பிறகு அடக்க முடியவில்லை.

"என்னைக் கேட்டிருக்கலாமே அம்மா. நான் லீவு எடுத்து வைச்சனான்."

"தெரியும். கேட்டா வந்திருப்பாய்."

"பிறகேன்?"

அம்மா கைப்பையின் வாரைச் சுருட்டிக்கொண்டிருந்தார். எனக்கு நோகாமல் சொல்ல ஒரு வழி தேடினார் என்று நினைக்கிறேன், கிடைக்கவில்லை.

"டொக்டர் சொல்லுறது என்னண்டு எனக்குச் சரியாத் தெரியவேணும், ராசா."

வலதுபக்கம் சமிக்ஞை போட்டுவிட்டுத் திரும்ப மறந்து நேரே ஓட்டினேன். கொஞ்சம் கழித்து அம்மாவே தொடங்கினார். முழங்காலுக்குள் இரண்டு எலும்புக்கு நடுவில் மெத்தை மாதிரி ஒன்று இருக்கிறதாம், அது தேய்ந்துவிட்டதாம். அதற்கு டெனிஷில் ஒரு சொல் சொன்னார். உச்சரிப்புப் பிழைத்தாலும் எனக்கு விளங்கியது.

"அதுக்குத் தமிழிலை என்னண்டு தெரியுமோ?" என்று கேட்டார்.

எனக்குத் தெரியாது. தெரியாது என்றுதான் சொன்னேன்.

"குருத்தெலும்பு" என்றார் அம்மா. "சின்னம்மாவிட்டைக் கேட்டனான்."

அந்தச் சொல்லை நான் ஒருமுறை திருப்பிச் சொல்லிப் பார்த்தேன். அவர் என்னைத் திருத்தினார்.